கொல்கத்தாவின் வரலாற்றைச் சாப்பாட்டு வழியே பார்க்க எங்கே தொடங்கலாம்?

உறையூர்க்காரன்

வணக்கம். பொங்கல் விடுமுறையை ஒட்டி அம்மாவைக் கூட்டிக்கொண்டு கொல்கத்தா போகிறேன். விக்டோரியா மண்டபம், தட்சிணேஸ்வரம், பேலூர் மடம் எல்லாம் பார்த்துவிடுவோம். எனக்கு இன்னொரு ஆசையும் உண்டு. அந்த ஊர் எப்படி உருவானது, யார் யார் வந்து குடியேறினார்கள் என்பதை அங்குள்ள சாப்பாட்டை வைத்தே தெரிந்துகொள்ள வேண்டும். இணையத்தில் தேடினால் கடைப் பட்டியலாகவே வருகிறது. எந்தக் கடை என்பதைவிட, அந்தச் சாப்பாடு ஏன் அந்த ஊருக்கு வந்தது என்று தெரிந்தவர்கள் சொன்னால் உதவியாக இருக்கும். நான் எல்லாம் சாப்பிடுவேன். அம்மா சுத்த சைவம், முட்டைகூடக் கிடையாது.

ரயில்பிரியன்

ஒரு வார்த்தை. ஜனவரி நல்ல மாதம். குளிர்காலத்தில் மட்டும் வரும் ஈச்ச வெல்லம் அப்போது கிடைக்கும், அதில் செய்த சந்தேஷ் என்ற பால் இனிப்பை விட்டுவிடாதீர்கள். மற்றதை அந்த ஊர்க்காரர்கள் சொல்வார்கள்.

லேக் மார்க்கெட் அக்கா

தம்பி, நான் பிறந்து வளர்ந்தது கொல்கத்தாவில்தான். அப்பா அம்பாசமுத்திரத்துக்காரர். டல்ஹௌசி சதுக்கத்தில் ஒரு சணல் கம்பெனி அலுவலகத்துக்குச் சுருக்கெழுத்தாளராக வந்து இங்கேயே தங்கிவிட்டார். கடைப் பட்டியல் வேண்டாம் என்று எழுதியிருந்தீர்கள், அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன். இந்த ஊரில் ஒரு சாப்பாடு உங்கள் முன்னால் வந்தால், இதைக் கொண்டு வந்தவர்கள் எதை விட்டுவிட்டு இங்கே வந்தார்கள் என்று கேளுங்கள். எனக்குத் தெரிந்த கொல்கத்தா அந்தக் கேள்விக்குள்தான் இருக்கிறது.

பிரியாணியிலிருந்து தொடங்குவோம். 1856-இல் கிழக்கிந்தியக் கம்பெனி அவத் நாட்டைப் பறித்துக்கொண்டது. நவாப் வாஜித் அலி ஷா லக்னோவை விட்டுக் கிளம்பி கொல்கத்தா வந்தார். லண்டன் வரை போய் முறையிடுவதுதான் அவர் எண்ணம். அவர் போகவில்லை, அவருடைய தாயார்தான் போனார். மறு வருடம் சிப்பாய்க் கிளர்ச்சி வெடித்ததும் நவாபை வில்லியம் கோட்டையில் அடைத்து வைத்தார்கள். வெளியே வந்தபின் ஊருக்குத் தெற்கே ஹூக்ளி ஆற்றங்கரையில் மெட்டியாபுருஸ் என்ற இடத்தில், இழந்த லக்னோவையே மறுபடி கட்டப் பார்த்தார். மாளிகைகள், இமாம்பாடா என்ற ஷியா முஸ்லிம்களின் மொஹரம் மண்டபம், மிருகக்காட்சிச் சாலை, பாட்டுக்காரர்கள், தையல்காரர்கள், சமையல்காரர்கள். 1887-இல் அவர் இறந்தபின் அந்த மாளிகைகள் ஏறக்குறைய எல்லாமே போய்விட்டன. சமையல்காரர்களின் கைப்பக்குவம் ஊருக்குள் இறங்கியது. சித்பூரில் 1905-இல் தொடங்கிய ராயல் இந்தியன் ஹோட்டலில் இன்றும் அந்த லக்னோ வாசனை உண்டு. அங்கே மட்டன் சாப் கேளுங்கள்.

ஆனால் பிரியாணி சாப்பிடுவதற்கு முன் மெட்டியாபுருஸ் போய் சிப்தைனாபாத் இமாம்பாடாவைப் பார்த்துவிடுங்கள். நவாபின் கல்லறை அங்கேதான். சுற்றிலும் துணி தைக்கும் பட்டறைகளும் துறைமுக லாரிகளும் நெருக்கியடிக்கும். சுற்றுலாப் பயணிகள் அவ்வளவாக வருவதில்லை. அதைப் பார்த்துவிட்டுத் தட்டின் முன் உட்கார்ந்தால் அந்தப் பிரியாணியை வேறு மாதிரி சாப்பிடுவீர்கள், அது நிச்சயம்.

அடுத்தது சீனர்கள். பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் டோங் அச்சியூ என்ற சீன வணிகர், வாரன் ஹேஸ்டிங்ஸ் காலத்தில், ஊருக்குத் தெற்கே நிலம் பெற்றுச் சர்க்கரை ஆலை போட்டார். அந்த ஊருக்கு இன்றும் அச்சிப்பூர் என்றுதான் பெயர். சீனப் புத்தாண்டுக்குக் கொல்கத்தா சீனர்கள் அங்குள்ள கோயிலுக்குப் போகிறார்கள். பிறகு வந்தவர்கள் லால்பஜாருக்குப் பக்கத்தில் டிரெட்டா பஜாரில் குடியேறினார்கள். தச்சர்கள், செருப்புத் தைப்பவர்கள், பல் வைத்தியர்கள். ஹக்கா என்ற சீனப் பிரிவினர் ஊரின் கிழக்கே டாங்ராவில் தோல் பதனிடும் தொழிலில் இறங்கினார்கள்.

டிரெட்டா பஜாரில் விடியற்காலையில் தெருவோரம் பாத்திரங்களை இறக்கி வைத்து விற்பார்கள். ஆவியில் வெந்த பாவ், மீன் உருண்டை சூப், சூய் மாய். எட்டு மணிக்கெல்லாம் ஏறக்கட்டிவிடுவார்கள். ஞாயிற்றுக்கிழமை கொஞ்சம் கூட்டமாக இருக்கும். எனக்கு விவரம் தெரிந்த நாளிலிருந்து அங்கே சீன முகங்கள் குறைந்துகொண்டேதான் வருகின்றன. 1962 இந்திய-சீனப் போரின்போது இங்கேயே பிறந்து வளர்ந்த சீனக் குடும்பங்களைக்கூடப் பிடித்து ராஜஸ்தானில் தேவ்லி முகாமில் அடைத்தார்கள். சிலர் வருடக்கணக்கில் அங்கே இருந்தார்கள். திரும்பி வந்து பார்த்தால் வீடும் கடையும் கைமாறியிருந்தன. பலர் கனடாவுக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் போய்விட்டார்கள். டாங்ராவின் தோல் பட்டறைகளை நீதிமன்றம் ஊருக்கு வெளியே பாந்தலாவுக்கு மாற்றச் சொன்னதும் மிஞ்சிய குடும்பங்களில் பலர் உணவகத் தொழிலையே பிடித்துக்கொண்டார்கள். நம்மூர்த் தள்ளுவண்டியில் கிடைக்கிறதே சில்லி சிக்கன், அதற்கும் இந்த மக்களின் அடுப்புக்கும் உறவு உண்டு. டாங்ராவில் உட்கார்ந்து சாப்பிடும்போது தேவ்லியை நினைத்துக்கொள்ளுங்கள்.

1902-இல் தொடங்கி இப்போது நியூ மார்க்கெட்டில் இருக்கும் நஹூம் கடை பாக்தாதிலிருந்து வந்த யூதர்களுடையது. பழக் கேக்குக்குக் கிறிஸ்துமஸ் சமயத்தில் ஊரே வரிசையில் நிற்கும். ஒரு காலத்தில் ஆயிரக்கணக்கில் இருந்த யூதர்களில் இன்று விரல்விட்டு எண்ணும் அளவுக்குத்தான் மிச்சம். அவர்களுடைய மாகன் டேவிட் ஜெபாலயத்தைத் தலைமுறைகளாகப் பார்த்துக்கொள்பவர்கள் முஸ்லிம் குடும்பங்கள். அதே நியூ மார்க்கெட்டில் பாண்டேல் சீஸ் என்று சின்ன வட்டமாக, உப்பாக, புகைபோட்டு விற்பார்கள். ஹூக்ளிக் கரையில் இருந்த போர்த்துகீசியர்களின் எச்சம் அது. பாலைத் திரித்துப் பனீராக்கும் பழக்கமே வங்காளத்துக்கு அவர்கள் வழியாகத்தான் வந்தது என்று உணவு வரலாற்றாசிரியர் கே.டி. அசயா கருதினார். அப்படியானால் பாக்பஜாரில் 1868-இல் நொபின் சந்திர தாஸ் செய்த ரசகுல்லாவின் பின்னாலும் அவர்கள் நிற்கிறார்கள். ஒடிசாக்காரர்கள் இதைக் கேட்டால் சண்டைக்கு வருவார்கள். புவிசார் குறியீடு 2017-இல் வங்காளத்துக்கும் 2019-இல் ஒடிசாவுக்கும் தனித்தனியாகக் கிடைத்துவிட்டது. அதோடு விட்டுவிடலாம்.

பிரியாணிப்பித்தன்

அக்கா, அருமை. ஒரு சந்தேகம். கொல்கத்தா பிரியாணியில் உருளைக்கிழங்கு வந்ததே நவாபுக்குப் பணக்கஷ்டம் வந்து கறியைக் குறைத்ததால்தான் என்று எல்லோரும் சொல்கிறார்களே? அதை நீங்கள் எழுதவில்லை.

லேக் மார்க்கெட் அக்கா

வேண்டுமென்றேதான் எழுதவில்லை. நவாபுக்கு ஆங்கிலேயர் கொடுத்த ஓய்வூதியம் வருடத்துக்கு 12 லட்சம் ரூபாய். அந்தக் காலத்து 12 லட்சம். புலியும் ஒட்டகச்சிவிங்கியும் வளர்த்தவர் பிரியாணிக்கு ஆட்டுக்கறி வாங்க முடியாமல் தவித்தார் என்றால் எனக்கு ஏற்கவில்லை. உருளைக்கிழங்கு அப்போது புதுசு, எல்லா வீட்டிலும் கிடைக்கிற காய் அல்ல. புதுமையில் ஆசைகொண்ட சமையல்காரர்கள் போட்டுப் பார்த்தார்கள், கறிச்சாற்றை உறிஞ்சிக்கொண்டு அது நன்றாக அமைந்தது என்றுதான் நவாபின் வம்சத்தவரும் சொல்கிறார்கள். பின்னால் சாதாரணக் கடைகளுக்குப் பிரியாணி இறங்கியபோது செலவைக் குறைக்கவும் கிழங்கு உதவியிருக்கும். அதை மறுக்கவில்லை. ஆனால் நாட்டையே பறிகொடுத்த ஒரு மனிதரை ஏழை நவாப் என்றும் சொல்லிச் சிறுமைப்படுத்துவது எனக்குப் பொறுக்காது.

உறையூர்க்காரன்

அக்கா, இதைத்தான் தேடிக்கொண்டிருந்தேன், மிக்க நன்றி. ஆனால் பாருங்கள், நீங்கள் சொன்னதில் பாதிக்கு மேல் அம்மா தொட முடியாது. படித்துக் காட்டினேன். ‘எனக்கு ரசகுல்லாவும் கோயிலும் போதும், நீ போய் வா’ என்கிறார். சைவச் சாப்பாட்டில் வரலாறு ஒன்றும் இல்லையா?

லேக் மார்க்கெட் அக்கா

நிறைய இருக்கிறது, தம்பி. வங்காளத்துச் சைவச் சமையலில் பெரும் பகுதியைக் கட்டிக் காத்தவர்கள் விதவைகள். இதை அம்மாவிடம் கட்டாயம் சொல்லுங்கள். மேல்சாதி இந்துக் குடும்பங்களில் கணவன் இறந்ததும் அந்தப் பெண்ணுக்கு மீன் கிடையாது, வெங்காயம், பூண்டு கிடையாது, மசூர் பருப்புகூடக் கிடையாது. தனி அடுப்பு. ஏகாதசிக்குத் தண்ணீர்கூட இல்லாமல் பட்டினி. எட்டு, பத்து வயதில் கல்யாணமாகி, பருவம் வருமுன்பே விதவையான சிறுமிகளுக்கும் இதே விதிதான். விதவை மறுமணச் சட்டம் வந்ததும் அதே 1856-இல்தான், சீர்திருத்தவாதி ஈஸ்வர சந்திர வித்யாசாகர் போராடிப் பெற்றது. அப்போதும் பெரும்பாலான வீடுகளில் எதுவும் மாறவில்லை.

அந்தப் பெண்கள் காய்த் தோலையும் தண்டையும் வாழைப்பூவையும் வைத்துக்கொண்டு ஒரு சமையலையே உருவாக்கினார்கள். ஊறவைத்த பருப்பை அரைத்து வில்லை போட்டுச் செய்யும் தோக்கா, வடகம் போட்ட கசப்பான சுக்தோ, தேங்காய்ச் சில்லு போட்ட கடலைப்பருப்பு, வாழைப்பூ கொண்டோ. இன்று பெரிய உணவகங்களில் விலை போட்டு விற்கிறார்கள். பக்கத்து வீட்டுப் பிசீமா (அத்தை) ஒருத்தர், பதினாறு வயதில் கணவனை இழந்தவர், கடைசி வரை மீன் தொடவில்லை. அவர் கையால் சுக்தோ சாப்பிட்டுத்தான் நான் கசப்பை ரசிக்கக் கற்றுக்கொண்டேன். அவர் அதைப் பெருமையாகப் பேசியதில்லை. தங்கை வீட்டுக் கல்யாணத்தில் மீன் பொரிக்கும் வாசனை வந்தபோது எழுந்து மாடிக்குப் போய்விட்டார் என்று என் அம்மா சொல்வார்.

அப்புறம் போஸ்தோ. கசகசாவை அரைத்து உருளைக்கிழங்கோடு வதக்குவது. நாம் குருமாவில் ஒரு கரண்டி போடுவதை இவர்கள் கிண்ணம் கிண்ணமாகச் சாப்பிடுகிறார்கள். 1773-இல் கம்பெனி வங்காளத்து அபினி வியாபாரத்தைத் தன் ஏகபோகமாக்கிக்கொண்டது. பீகாரிலும் காசிப் பக்கத்திலும் விவசாயிகளைக் கசகசாச் செடி போட வைத்து, அதன் காயில் வடியும் பாலை எடுத்து அபினியாக்கி, கொல்கத்தாவில் ஏலம் விட்டுச் சீனாவுக்கு அனுப்பினார்கள். இந்த ஊரின் பெரிய வெள்ளைக் கட்டடங்கள் சிலவற்றில் அந்தப் பணமும் இருக்கிறது. பால் எடுத்தபின் காயில் மிஞ்சுவது விதை. அந்த மலிவான விதைதான் பாங்குரா, பீர்பூம் பக்கத்து வீடுகளில் சாப்பாடானது என்பார்கள். இன்று அரசாங்க உரிமம் இல்லாமல் கசகசாப் பயிரிட முடியாது, விலையோ ஏறிக்கொண்டே போகிறது. அம்மாவுக்கு ஆலு போஸ்தோவும் கலாய் பருப்பும் சோறும் வாங்கிக் கொடுங்கள். உளுந்தில் செய்யும் அந்தப் பருப்பில் சோம்பு வாசனை வரும்.

இதெல்லாம் கிடைப்பது பைஸ் ஹோட்டல்கள் என்ற மலிவான சாப்பாட்டுக் கடைகளில். வெளியூரிலிருந்து வேலைக்கும் படிப்புக்கும் வந்தவர்களுக்காகத் தொடங்கியவை. வாழையிலை, ஒவ்வொரு பதார்த்தத்துக்கும் தனி விலை, சில இடங்களில் இலைக்கும் விலை. காலேஜ் ஸ்ட்ரீட் பக்கம் பவானி தத்தா சந்தில் இருக்கும் ஹோட்டலுக்குச் சுதந்திரத்துக்குப் பின் ‘ஸ்வாதீன் பாரத் ஹிந்து ஹோட்டல்’ என்று பெயர். மாணவராக இருந்தபோது சுபாஷ் போஸ் அங்கே வந்து சாப்பிட்டார் என்று கடைக்காரர்கள் சொல்வார்கள். எங்கள் வீட்டுக்குப் பக்கத்தில் ராஷ்பிஹாரி அவென்யூவில் தருண் நிகேதன் இருக்கிறது. ஒரு எச்சரிக்கை: பருப்பிலும் கீரையிலும் மீன் தலை போடும் வழக்கம் உண்டு. ‘நிராமிஷ்’ (சைவம்) என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். அதே அடுப்பில் மீனும் வேகுமே என்று அம்மா தயங்கினால் வற்புறுத்த வேண்டாம். லேக் மார்க்கெட்டில் நம் ஆட்கள் வந்து போட்ட இட்லிக் கடைகள் இருக்கின்றன, அதுவும் கொல்கத்தாவின் வரலாறுதான்.

இன்னொன்று. இதைச் சொல்லாமல் இந்த ஊரின் சாப்பாட்டைப் பற்றி எழுத எனக்கு மனம் வராது. 1943-இன் வங்காளப் பஞ்சம். பர்மா ஜப்பானிடம் விழுந்து அரிசி வரத்து நின்றது. எதிரி கையில் கிடைக்கக்கூடாதென்று கடலோர மக்களின் படகுகளையும் நெல்லையும் அரசாங்கம் பறித்தது. மேதினிப்பூரில் புயல். போர்க்கால விலையேற்றம். கிராமத்து மக்கள் கொல்கத்தாத் தெருக்களுக்கு வந்து, சோறு கேட்டால் கிடைக்காது என்று தெரிந்து, வீடு வீடாக வடிகஞ்சி கேட்டார்கள். ‘ஃபேன் தாவ் மா’, கஞ்சித் தண்ணி கொடு தாயே. இருபதிலிருந்து முப்பது லட்சம் பேர் செத்தார்கள் என்று கணக்கு. தணிக்கை இருந்தும் ஸ்டேட்ஸ்மன் பத்திரிகை ஆகஸ்டில் பஞ்சத்தின் படங்களைப் போட்டபிறகுதான் வெளியுலகுக்குத் தெரிந்தது. சௌரங்கியில் அந்தப் பத்திரிகைக் கட்டடம் இருக்கிறது, நியூ மார்க்கெட்டிலிருந்து நடக்கிற தூரம். கேக் வாங்கிக்கொண்டு அந்த வழியாக நடந்து பாருங்கள்.

உறையூர்க்காரன்

அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். அவருடைய பெரியத்தையும் சின்ன வயதிலேயே விதவையானவர், அவர் வைக்கும் வாழைத்தண்டுக் கூட்டு மாதிரி யாருக்கும் வராது என்று வெகு நேரம் பேசிக்கொண்டிருந்தார். சுக்தோ சாப்பிட வருகிறேன் என்கிறார். சங்கராந்தி அன்று அங்கே இருப்போம், ஏதாவது விசேஷம் உண்டா? ஈச்ச வெல்லம் ஊருக்குக் கொண்டுவரலாமா?

லேக் மார்க்கெட் அக்கா

உண்டு. நம் பொங்கல் அன்று இங்கே பௌஷ் சங்கராந்தி, வீட்டுக்கு வீடு பிட்டே செய்வார்கள். புது அரிசி மாவில் தேங்காயும் வெல்லமும் பூரணம் வைத்து, கொழுக்கட்டைபோலப் பிடித்துப் பாலில் வேகவைப்பார்கள். அம்மாவுக்குக் கண்ணை மூடிக்கொண்டு கொடுக்கலாம். இனிப்புக் கடைகளிலும் அந்த வாரம் பாட்டிசாப்டா என்ற பிட்டே வகை கிடைக்கும். பாபுகாட் பக்கம் சங்கராந்தி நீராடலுக்குக் கங்காசாகர் போகும் யாத்திரீகர் கூட்டம் இருக்கும், அம்மாவோடு போனால் கவனம்.

வெல்லத்தில் பானையில் வரும் இளகல் சீக்கிரம் புளித்துவிடும், அதை இங்கேயே சாப்பிட்டுவிடுங்கள். ஊருக்குக் கட்டியாக இருக்கும் பாட்டாலி வாங்குங்கள். சர்க்கரை கலந்தது கல்லாக இருக்கும். நல்ல பாட்டாலி விரலால் அழுத்தினால் கொஞ்சம் இளகும், வாசனை பொட்டலத்தைத் தாண்டி வரும். கிளம்புகிற நாளன்று காலையில் வாங்கினால் போதும்.