மாமா டாக்டரிடம் கூட்டிப்போனார், அம்மா திருவிடந்தைக்கு

தன்பால் ஈர்ப்பை வீட்டில் சொல்வதற்குப் பக்தியான வீடு என்றால்தான் சிக்கல் என்று எல்லாரும் சொல்கிறார்கள். எங்கள் வீட்டில் கதை வேறு. மயிலாப்பூர்க் குடும்பம், அம்மா ஒரு பிரதோஷம் விடாமல் கபாலி கோவிலில் நிற்பவர். ஆனால் சாமியே கும்பிடாத, வாயைத் திறந்தால் பகுத்தறிவு பேசுகிற தாய்மாமாதான் என்னைப் படுத்தி எடுத்தார்.

எனக்கு ஆண்களைத்தான் பிடிக்கும், ஜாதகத்தை வெளியே எடுக்காதீர்கள் என்று நான் சொன்னது 2019-இல். தன்பாலுறவு குற்றமில்லை என்று முந்தைய வருஷம் உச்ச நீதிமன்றம் சொன்ன 377 தீர்ப்பு கொடுத்த தைரியம். அம்மா ஒன்றும் பேசவில்லை, அந்த ஞாயிற்றுக்கிழமை ஈசிஆரில், கல்யாணம் கைகூட வேண்டிக்கொள்ளும் திருவிடந்தைக் கோவிலுக்குக் கிளம்பச் சொன்னார். (சைவக் குடும்பம்தான், கல்யாணம் என்று வந்துவிட்டால் அம்மா பேதம் பார்ப்பதில்லை.) நித்யகல்யாணப் பெருமாளுக்குச் சாத்திய மாலையைக் கழுத்தில் போட்டுக்கொண்டு கோவிலை 9 தடவை சுற்ற வேண்டும், மாலையை வீட்டில் வைத்திருந்து கல்யாணம் ஆனதும் ஜோடியாகப் போய்ச் சேர்த்துவிட வேண்டும். சண்டை போட மனசு வரவில்லை, சுற்றினேன். மாலை பூஜையறை ஆணியில் தொங்கிக் காய்ந்து, தினமும் பெருக்கும்போது சருகு வந்துகொண்டே இருந்தது.

மாமா கூட்டிப்போன டாக்டர் மாத்திரை எழுதினார், சரியாகிவிடும் என்றார். இதில் என்ன சயின்ஸ்? உலக சுகாதார நிறுவனம் 1990-லேயே நோய்ப் பட்டியலிலிருந்து இதை எடுத்துவிட்டது. 2021 ஜூனில் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், இப்படி 'மாற்றுகிறேன்' என்று சிகிச்சை செய்யக் கூடாது என்று சென்னை உயர்நீதிமன்றத்தில் உத்தரவு போட்டார். மறு வருஷமே தேசிய மருத்துவ ஆணையமும் அதைத் தொழில்முறைத் தவறு என்றது. வீட்டில் டாக்டர் பேச்சு எடுத்தால் முதலில் இதைக் காட்டுங்கள்.

அம்மாவை அசைத்தது தீர்ப்பு அல்ல. தனக்கு இது சரியாகப் புரியவில்லை என்று அந்த நீதிபதியே ஒரு உளவியல் நிபுணரிடம் போய் உட்கார்ந்து கேட்டுத் தெரிந்துகொண்டார் என்று படித்துக் காட்டினேன். "அவ்வளவு பெரிய ஜட்ஜே கத்துக்கிட்டிருக்கார், உங்க மாமாவுக்கு மட்டும் கொம்பா முளைச்சிருக்கு?" என்றார்.

அப்புறம் ஒரு நாள் தனியாகவே திருவிடந்தை போய் மாலையைச் சேர்த்துவிட்டு வந்தார். பெருமாளிடம் என்ன சொன்னே என்றால், உனக்கெதுக்கு என்கிறார்.

முழுசாக மாறிவிட்டார் என்று சொல்ல மாட்டேன். போன மாசம் தங்கச்சி வளைகாப்பில் என் துணையை 'இவனோட ஃபிரண்டு' என்றுதான் அத்தைகளுக்குச் சொன்னார். எனக்குச் சுருக்கென்றது. அவன் பாட்டுக்குத் தேங்காய் சாதம் இன்னொரு கரண்டி கேட்டு வாங்கிக்கொண்டிருந்தான், பரிமாறியதும் அம்மாதான்.