2019 எல்எஸ்யூ அணியின் 15–0 பருவம்: ஒரே ஆண்டில் அந்த மாற்றம் எப்படி நிகழ்ந்தது?

வளவன் (கேள்வி):

வணக்கம். லூசியானா மாநிலப் பல்கலைக்கழகத்தின் (எல்எஸ்யூ) அமெரிக்கக் கால்பந்து அணி, 15 ஆட்டங்களிலும் வென்று, 2019ஆம் ஆண்டுப் பருவத்தில் ஆடிய ஆட்டங்களின் பதிவுகளை அண்மையில் வரிசையாகப் பார்த்தேன். 2018இல் இந்த அணி 10 ஆட்டங்களில் வென்று 3இல் தோற்றது. பந்தை எறிந்து தாக்குதலை நடத்தும் குவாட்டர்பேக் ஜோ பர்ரோ அந்த ஆண்டு எறிந்த டச்டவுன் பாஸ்கள் (எதிரணியின் எல்லையில் பந்தைச் சேர்த்துப் புள்ளி பெற்றுத்தரும் எறிதல்கள்) 16. அடுத்த ஆண்டு அதே வீரர் 60 எறிந்தார், அவருடைய பாஸ்கள் சரியாகச் சென்றுசேர்ந்த விகிதம் 57.8 விழுக்காட்டிலிருந்து 76.3 விழுக்காடாக உயர்ந்தது. தலைமைப் பயிற்சியாளர் எட் ஓர்ஜெரான் மாறவில்லை, ஜஸ்டின் ஜெபர்சன், ஜமார் சேஸ் உள்ளிட்ட, பாஸ்களைப் பிடிக்கும் ரிசீவர்களும் முன்பே அணியில் இருந்தவர்கள்தாம். நியூ ஆர்லியன்ஸ் செயின்ட்ஸ் என்ற தொழில்முறை அணியிலிருந்து வந்த இளம் பயிற்சியாளர் ஜோ பிரேடியே காரணம் என்று பலரும் சொல்கிறார்கள். ஒருவரால் மட்டும் இவ்வளவு பெரிய மாற்றம் வந்திருக்க முடியுமா, அல்லது எதிரணிகள் அவ்வாண்டு வலுவிழந்திருந்தனவா?

செழியன்:

எதிரணிகள் வலுவிழந்திருந்தன என்று சொல்வதற்கு இடமே இல்லை. டெக்சாஸ், புளோரிடா, ஆபர்ன், அலபாமா, ஜார்ஜியா, ஓக்லஹோமா, கிளெம்சன் ஆகிய ஏழு அணிகளும் எல்எஸ்யூவைச் சந்தித்த வேளையில் தரவரிசையின் முதல் பத்து இடங்களுக்குள் இருந்தன. அலபாமாவிடம் மட்டும் எல்எஸ்யூ தொடர்ந்து எட்டு முறை தோற்றிருந்தது. 2019 நவம்பர் 9 அன்று டஸ்கலூசாவில், முதல் பாதியிலேயே 33–13 என முன்னேறி, பின்பு அலபாமா நெருங்கி வந்தபோதும் பதற்றப்படாமல் 46–41 என்று வென்ற அந்த ஆட்டத்தைப் பார்த்த எவரும் இந்த அணியைக் குறைத்து மதிப்பிட மாட்டார்கள்.

பிரேடி கொண்டுவந்த முறையையும் விளக்க வேண்டும். அதற்கு முந்தைய ஆண்டுகளில் எல்எஸ்யூ, பந்தை ஏந்தி ஓடும் ஆட்டத்தையே நம்பிய, பாதுகாப்புக்காகக் கூடுதல் ஆட்களைப் பின்னால் நிறுத்திவைக்கும் அணி. பிரேடியின் முறையில், பாஸ் வாங்கத் தகுதியுள்ள ஐவரும் பல நேரங்களில் ஒரே சமயத்தில் முன்னே ஓடுவார்கள். குவாட்டர்பேக்கைக் காக்க ஐந்து வரிசை வீரர்களே மிஞ்சுவார்கள். எதிரணியின் தற்காப்பு மைதானத்தின் அகலம் முழுவதும் பரவ வேண்டியிருப்பதால், எவரேனும் ஒருவர் தனியாக அகப்பட்டே தீருவார். அவரைக் கண்டுபிடித்து உடனே எறிவதுதான் பர்ரோவின் வேலை. ஆஸ்டினில் டெக்சாஸுக்கு எதிராக 37–31 என்று முன்னிலை வகித்த கடைசி நிமிடங்களில், பந்தைத் தக்கவைக்க மூன்றாவது முயற்சியில் 17 கஜம் முன்னேற வேண்டியிருந்த நிலையில், ஜெபர்சன் 61 கஜ டச்டவுன் அடித்தார். பழைய எல்எஸ்யூவாக இருந்தால் அங்கே பந்தை ஓடவிட்டு நேரத்தைக் கடத்தியிருக்கும்.

மருதன்:

செழியன் சொன்னதில் பெரும்பகுதியை ஏற்கிறேன். ஆனால் பிரேடியின் பெயரை மட்டும் முன்னிறுத்துவது நியாயமன்று. தாக்குதல் ஒருங்கிணைப்பாளர் ஸ்டீவ் என்ஸ்மிங்கர்தான். 29 வயதில் வந்துசேர்ந்த ஒருவருக்கு இடம்விட்டு, அவருடைய எண்ணங்களைத் தம் திட்டத்தோடு இணைத்துக்கொண்ட பெருந்தன்மையை மிகச் சிலரே பேசுகிறார்கள். டிசம்பர் 28 அன்று ஓக்லஹோமாவுக்கு எதிரான அரையிறுதி தொடங்குவதற்குச் சில மணி நேரம் முன்பு, லஃபாயெட் நகரில் நேர்ந்த விமான விபத்தில் என்ஸ்மிங்கர் தம் மருமகளை இழந்தார். அந்தத் துயரத்தோடு அவர் தம் இடத்தில் அமர்ந்து பணியாற்ற, பர்ரோ முதல் பாதியிலேயே ஏழு டச்டவுன் பாஸ்கள் எறிந்தார். ஆட்டம் 63–28 என்று முடிந்தது.

இன்னொன்று, ஐந்து பேர் மட்டுமே காக்கும் முறை வெற்றிபெற அந்த ஐவரும் உறுதியாக நிற்க வேண்டும். நாட்டின் சிறந்த தாக்குதல் வரிசைக்கு அளிக்கப்படும் ஜோ மூர் விருதை அவ்வாண்டு பெற்றது எல்எஸ்யூதான். அவர்கள் நிற்காவிட்டால் பிரேடியின் திட்டம் தாளிலேயே இருந்திருக்கும்.

வளவன்:

இருவருக்கும் நன்றி. ஆனால் வேண்டர்பில்ட் 38, ஓலே மிஸ் 37 என்று புள்ளிகளைக் குவித்தனவே? இப்படிப்பட்ட தற்காப்போடு ஓர் அணி பட்டம் வென்றது வியப்பாக இருக்கிறது.

கயல்விழி:

நவம்பர் பாதி வரை அந்தக் குறை உண்மையானது. ஓலே மிஸ் குவாட்டர்பேக் ஒருவரே 212 கஜம் ஓடினார். அதன் பின்பு நிலை மாறியது: டெக்சாஸ் ஏ அண்ட் எம் 7 புள்ளிகளோடும், மாநாட்டு (அணிகள் சேர்ந்திருக்கும் லீக்) இறுதியில் ஜார்ஜியா 10 புள்ளிகளோடும் நின்றுவிட்டன. 2020 ஜனவரி 13 அன்று நியூ ஆர்லியன்ஸில் நடந்த இறுதியாட்டத்தில், 29 ஆட்டங்களாகத் தோல்வியே காணாத கிளெம்சன் 17–7 என்று முன்னிலை பெற்றது. அதன் பிறகு ஆட்டம் முடியும் வரை அவர்களால் எட்டுப் புள்ளிகளையே சேர்க்க முடிந்தது. எல்எஸ்யூ 42–25 என்று வென்றது. ஆகவே பர்ரோவின் 463 கஜங்களோடு தற்காப்பையும் சேர்த்துப் பாராட்டுவதே முறை.

யாரால் இது நடந்தது என்பதற்கு அடுத்த ஆண்டும் ஒருவகையில் சான்று. கல்லூரி வீரர்களைத் தொழில்முறை அணிகள் தேர்ந்தெடுக்கும் 2020 வீரர் தேர்வில் இந்த அணியின் 14 வீரர்கள் எடுக்கப்பட்டார்கள். பர்ரோ முதல் தேர்வாகவே சின்சினாட்டிக்குச் சென்றார். பிரேடி கரோலினா தொழில்முறை அணிக்கும், தற்காப்பு ஒருங்கிணைப்பாளர் டேவ் அராண்டா பேய்லர் பல்கலைக்கழகத்துக்கும் போனார்கள், சேஸ் அந்தப் பருவத்தில் ஆடவில்லை. ஓர்ஜெரானும் என்ஸ்மிங்கரும் இருந்தும், எல்எஸ்யூ 5 வெற்றி 5 தோல்வி என்றே முடித்தது. யாரோ ஒருவரைக் காரணமாகக் காட்ட முடியாதபடி ஒரே நேரத்தில் எல்லோரும் போய்விட்டார்கள் என்பதால், பிரேடியா பர்ரோவா என்ற உங்கள் கேள்வியை இந்தச் சான்றும் முழுமையாகத் தீர்க்கவில்லை. என் கணிப்பில் பர்ரோவின் பங்கே பெரிது: பிரேடி இல்லாத சின்சினாட்டியில், இரண்டாம் ஆண்டிலேயே அவர் அணியைத் தொழில்முறைப் பருவத்தின் இறுதியாட்டமான சூப்பர் பவுலுக்கு அழைத்துச் சென்றார்.