ரேஷன் அரிசியை மகளின் தலைப்பொங்கல் வரிசையில் வைக்கலாமா?

வெண்ணாற்றங்கரை:
மூத்தவளை ஆவணியில் மன்னார்குடிப் பக்கம் கட்டிக் கொடுத்தோம். வருகிற தை அவளுக்குத் தலைப்பொங்கல். குத்தகைக்கு எடுத்த இரண்டு மா நிலத்துச் சம்பா நெல்லில் பாதி கார்த்திகை மழையில் மூழ்கிவிட்டது, மீதியும் தைக்குள் அறுப்புக்கு வருமா தெரியவில்லை. வரிசை என்றால் பித்தளைப் பானை, ஒரு சிப்பம் (மூட்டை) பச்சரிசி, வெல்லம், கரும்புக் கட்டு, மஞ்சள் கொத்து, வாழைத்தார், துணிமணி எல்லாம் வேண்டும். ரேஷனில் வாங்கிய பச்சரிசி இரண்டு மாதமாகத் தொடாமல் பானையில் கிடக்கிறது, அதைப் புடைத்துச் சுத்தம் செய்து வைத்துவிடலாமா என்று பார்க்கிறேன். என் ஓரகத்தி, அது கேவலம், தெரிந்தால் கேஸ்கூடப் போடுவார்கள் என்கிறாள். நிஜமா?

கடைத்தம்பி:
அக்கா, நான் கூட்டுறவு ரேஷன் கடையில் விற்பனையாளர். உங்கள் கார்டு, உங்கள் கைரேகை, வீட்டுக்கு எடுத்துப் போன அரிசியை நீங்கள் பொங்கினாலும் சரி, மகளுக்குக் கொடுத்தாலும் சரி, யாரும் கேட்கப் போவதில்லை. கேஸ் என்பது விற்றால்தான். சைக்கிளில் மூட்டையோடு வந்து கிலோவுக்கு ஏதோ கொடுத்து வாங்கிப் போகிறவர்கள் ஊருக்கு ஊர் இருக்கிறார்கள், அவர்களிடம் போட்டுவிட்டு அந்தக் காசில் பானை வாங்கலாம் என்று மட்டும் நினைக்காதீர்கள். குடிமைப்பொருள் போலீஸ் பிடிப்பது அதைத்தான், 1955-ஆம் வருஷத்து இன்றியமையாப் பண்டங்கள் சட்டம்.

அப்புறம், கார்டுக்கு அரசு கொடுக்கிற பொங்கல் பரிசுத் தொகுப்பில் ரொக்கம் வரும் என்று கணக்குப் போட்டுக் கடன் வாங்காதீர்கள். 2021-இல் 2500 ரூபாய் வந்தது. அடுத்த வருஷம் 21 பொருள் வந்தது, காசு இல்லை. 2024-இல் ஆயிரம், 2025-இல் மறுபடியும் அரிசி, சர்க்கரை, கரும்பு மட்டும். டோக்கன் கைக்கு வந்த பிறகு யோசியுங்கள்.

குடவாசல்காரி:
எனக்கு நடந்ததைச் சொல்கிறேன். என் அம்மா இப்படித்தான் வைத்தார். அரிசியில் குறையே இல்லை, ஆனால் களைந்தபோது சில மணிகள் மட்டும் மிதந்தன. என் நாத்தனார் உடனே பிளாஸ்டிக் அரிசி என்று தெருவெல்லாம் சொல்லிவிட்டாள். அது பிளாஸ்டிக் இல்லை, இரும்புச்சத்து சேர்த்த செறிவூட்டிய மணி, நூறுக்கு ஒன்று என்று கலந்திருந்தார்கள். இதைப் பொங்கலன்று காலையில் அடுப்படியில் நின்று யாரிடம் விளக்குவது? அன்றைக்கு நான் அழுததை அம்மாவிடம் இன்றுவரை சொல்லவில்லை.

வரிகட்டுபவன்:
2011-இலிருந்து அரிசி இலவசம். பசிக்குக் கொடுத்ததைச் சீர் வரிசைக்குக் கொண்டு போனால் அதற்குப் பெயர் உதவியா?

கடைத்தம்பி:
அண்ணே, போன தடவை அரசு நெல் கொள்முதல் நிலையத்தில் ஈரப்பதம் பதினேழு சதவீதத்துக்கு மேலே என்று எடுக்காததால் நெல்லைத் தார்ப்பாயில் போட்டுவிட்டு மூன்று ராத்திரி காவல் கிடந்தது இவர்களைப் போன்றவர்கள்தான். அந்த நெல்தான் அரவைக்குப் போய் அரிசியாகக் கடைக்கு வருகிறது. மகளுக்கு ஒரு மரக்கால் கொடுத்ததில் யார் குடியும் முழுகாது.

பாமணியாறு:
சட்டம் பேசியது போதும். வெண்ணாற்றங்கரை அக்கா, ரேஷன் அரிசியை வரிசையில் வைக்காதீர்கள், நீங்கள் சாப்பிடுங்கள். இட்லிக்கு, சோற்றுக்கு, எல்லாவற்றுக்கும் இரண்டு மாதம் அதுவே ஓடட்டும். கடையில் வெளி அரிசிக்குக் கொடுக்கிற காசை ஒரு டப்பாவில் போட்டு வாருங்கள், மார்கழிக் கடைசியில் அந்தக் காசுக்குப் பத்துக் கிலோ நல்ல பச்சரிசி வாங்கலாம். சிப்பம்தான் வேண்டும் என்று எந்தச் சாஸ்திரமும் இல்லை, பத்துக் கிலோ புதுப் பையில் கட்டினால் பார்க்க லட்சணமாகத்தான் இருக்கும். தொகுப்பில் வருகிற கரும்பைக் கட்டோடு சேர்த்துவிடுங்கள், கரும்பில் ரேஷன் என்று எழுதியா இருக்கிறது? நான் என் தங்கைக்கு அப்படித்தான் செய்தேன். பானையை மட்டும் இப்போதே வாங்கிவிடுங்கள், மார்கழியில் விலை ஏற்றிவிடுவார்கள்.

வெண்ணாற்றங்கரை:
நன்றி தம்பி, நன்றி எல்லோருக்கும். குடவாசல் அக்கா சொன்னதைப் படித்ததும் மனசு மாறிவிட்டது, நாங்களே சாப்பிட்டுக்கொள்கிறோம். நேற்றே இட்லிக்கு ஊறப்போட்டேன், நன்றாகத்தான் வந்தது. கும்பகோணத்தில் பழைய பித்தளையைக் கொடுத்துப் புதுப் பானை மாற்றிக்கொள்ள முடியுமா? மாமியாரின் தவலை ஒன்று ஓட்டையாகக் கிடக்கிறது.