பின்னணி இசை போகப் போகப் படத்தை முந்துகிறது, உதவி தேவை

மெட்டுக்காரன்:
18 நிமிடக் குறும்படம். பின்னணி இசையை ரீப்பர் என்ற இசை மென்பொருளில் செய்தேன், வேகம் 96 பிபிஎம் (நிமிடத்துக்கு 96 தட்டு). எடிட்டிங் டாவின்சி ரிசால்வில். என்னிடம் உள்ள வீடியோவோடு ஓட்டினால் எல்லாம் கச்சிதம். எடிட்டர் டைம்லைனில் வைத்தால் முதல் காட்சி சரி, நடுவில் லேசாக இடறுகிறது, கிளைமாக்ஸில் கதவு அறைந்து சாத்துவதற்கு ஒரு நொடி முன்பே உறுமி விழுந்துவிடுகிறது. பின்னுக்குத் தள்ளினால் தொடக்கம் கெடுகிறது. திங்கள்கிழமை மிக்சிங், யாராவது வழி சொல்லுங்களேன்.

டப்பா ஸ்பீக்கர்:
சாம்பிள் ரேட் (ஒலியை நொடிக்கு எத்தனை முறை அளந்து பதிவது) 44.1 கிலோஹெர்ட்ஸா, 48-ஆ என்ற குழப்பமாக இருக்கும் ப்ரோ. 48-இல் எக்ஸ்போர்ட் செய்து பாருங்கள்.

ரீல்பித்தன்:
அதுவாக இருந்தால் 18 நிமிடத்துக்கு ஒன்றரை நிமிடம் விலகியிருக்கும். சுருதியும் ஏறக்குறைய முக்கால் கட்டை மாறி, கேட்கவே முடியாது. ஒரு நொடிதான், அதுவும் சீராக வளர்கிறது என்றால் நொடிக்கு 24 ஃப்ரேமுக்கும் 23.976 ஃப்ரேமுக்கும் உள்ள தகராறு. வித்தியாசம் ஆயிரத்தில் ஒரு பங்கு, 1080 நொடிக்கு 1.08 நொடி. எடிட்டர் டைம்லைன் எத்தனை? உங்களுக்கு வீடியோ தந்தது யார்? அதில் வசனம் இருந்ததா?

மெட்டுக்காரன்:
டைம்லைன் 23.976. வீடியோ, விஎஃப்எக்ஸ் (கிராஃபிக்ஸ்) பார்க்கும் நண்பர் தந்தது. எடிட்டரிடம் ஃப்ரேம் ஃப்ரேமாகத் தனித்தனி பிஎன்ஜி படங்களாக வாங்கி, மழையும் புகையும் சேர்த்து பிளெண்டர் என்ற 3டி மென்பொருளில் ரெண்டர் செய்தார். ஒலி கிடையாது.

ரீல்பித்தன்:
அங்கேதான் மாறியிருக்கிறது. பிஎன்ஜி வரிசையில் நொடிக்கு எத்தனை ஃப்ரேம் என்ற தகவலே இருக்காது. பிளெண்டர் தானாக 24 என்று எடுத்துக்கொள்ளும். வசனம் இருந்திருந்தால் உதடு ஒட்டாமல் அன்றே தெரிந்திருக்கும்.

திரும்ப வாசிக்கத் தேவையில்லை. படத்தின் முதல் ஃப்ரேமிலிருந்து தொடங்கும்படி ஸ்டெம்களை (வாத்தியவாரியாகப் பிரித்த இசைக் கோப்புகள்) எடுத்து, ரீப்பரில் ப்ளேரேட் (ஓடும் வேகம்) 0.999001 கொடுங்கள். சுருதியைக் காக்கும் டிக்கை எடுத்துவிடுங்கள், இது முக்கியம். அது இருந்தால் மென்பொருள் ஒலியை நறுக்கி ஒட்டும், உறுமியின் இழுப்பில் கரகரப்பு வரலாம். டிக் இல்லாமல் சுருதி இறங்குவது 2 சென்ட்கூட இல்லை (அரைக் கட்டைக்கு 100 சென்ட்), காதுக்கு எட்டாது. இனி ஏதாவது புதிதாகச் சேர்த்தால் டெம்போ 95.904.

பச்சைத்துணி:
நண்பர் பிளெண்டரில் 23.98 என்பதைத் தேர்ந்தெடுக்கட்டும். ரிசால்வில் ஏற்கெனவே ஏற்றிய விஎஃப்எக்ஸ் ஷாட்களுக்கு க்ளிப் ஆட்ரிபியூட்ஸில் ஃப்ரேம் ரேட்டை மாற்றினால் போதும், மறுபடி ரெண்டர் வேண்டாம் (மழைக் காட்சியை ரெண்டர் போட்டுவிட்டு விடிய விடியக் காத்திருந்தவர்களுக்கு இதன் அருமை தெரியும்). அப்புறம், அடுத்த முறை வீடியோவில் முதல் ஃப்ரேமுக்கு 2 நொடி முன்னால் ஒரு பீப், முடிந்து 2 நொடி கழித்து ஒரு பீப் கேட்டு வாங்குங்கள். இரண்டும் எடிட்டர் டைம்லைனில் பொருந்தினால்தான் வேலையைத் தொடங்க வேண்டும்.

மெட்டுக்காரன்:
ஸ்டெம்களை நீங்கள் சொன்னபடி ஓட்டினேன். கதவும் உறுமியும் ஒரே ஃப்ரேமில் விழுகின்றன! நன்றி. இன்னொன்று, திரைப்பட விழாவுக்கு 24-இல் டிசிபி (தியேட்டரில் திரையிடும் டிஜிட்டல் பிரதி) கேட்கிறார்கள். அதற்குப் பழைய இசையைப் போட்டுவிடலாமா?

ரீல்பித்தன்:
வேண்டாம். மிக்சிங் முடிந்ததும் படம், வசனம், இசை எல்லாவற்றையும் சேர்த்தே 24-க்கு வேகம் ஏற்றச் சொல்லுங்கள். இசையை மட்டும் தனியாக மாற்றினால் மிக்சிங்கை மறுபடி முதலிலிருந்து உட்கார்ந்து செய்ய வேண்டிவரும்.