சூரியைக் கதாநாயகனாக ஏற்க வைத்தது எது?

கேள்வி:
சுசீந்திரனின் ‘வெண்ணிலா கபடிக் குழு’ (2009) படத்துப் பரோட்டா பந்தயத்தால் பெயர் பெற்ற சூரி, அதன்பின் பத்தாண்டுகளுக்கும் மேலாகக் கதாநாயகனின் நண்பனாகவே வலம் வந்தார். அவரைக் கண்டாலே சிரித்துப் பழகியவர்கள், 2023இல் வெற்றிமாறனின் ‘விடுதலை’ முதல் பாகத்தில் காவலர் குமரேசனாக அவரை உறுத்தலின்றி ஏற்றுக்கொண்டார்கள். ‘சர்வர் சுந்தரம்’ (1964) நாகேஷும் ‘இம்சை அரசன் 23ஆம் புலிகேசி’ (2006) வடிவேலுவும் நாயகர்களானபோது நகைச்சுவையையும் கையோடு கொண்டு போனார்கள். சூரியோ அதைக் கழற்றி வைத்துவிட்டு வந்தார். இதில் பெரும்பங்கு யாருடையது, இயக்குநருடையதா, நடிகருடையதா?

பதில் 1:
கதையின் அமைப்புக்கே முதலிடம் தருவேன். குமரேசன் சாகசக்காரன் அல்லன். முகாம்களுக்குச் சாப்பாடு கொண்டு போகும் ஜீப்பின் ஓட்டுநர். காயம்பட்ட பெண்ணைக் காவல்துறை வண்டியில் ஏற்றிச் சென்றதற்காக மேலதிகாரி மன்னிப்புக் கேட்கச் சொல்லும்போது, தான் செய்தது தவறில்லை என்று குரலை உயர்த்தாமல் நிற்கிறான், தண்டனைக்கு மேல் தண்டனையாக வாங்கிக்கொள்கிறான். பக்கத்தில் நின்று பிறர் பேசுவதைக் கேட்டு முகத்தால் பதில் சொல்வதுதான் நண்பன் வேட நடிகரின் அன்றாடத் தொழில். அந்தத் தொழிலறிவையே கதையின் மையத்துக்கு நகர்த்தியதால்தான் சூரி வேறு ஆளாக மாறியதுபோல் நமக்குத் தோன்றவில்லை. ‘கருடன்’ (2024) படத்தின் சொக்கனும் அப்படித்தான்: முதலாளிக்குக் கட்டுப்பட்ட விசுவாசியாகத் தொடங்கி, சிறிது சிறிதாகவே நிமிர்கிறான்.

பதில் 2:
மேலே உள்ள நண்பரின் கருத்தில் பாதியை ஏற்கிறேன். ஆனால் வெற்றிமாறன் என்ற பெயர் இல்லாமல் அந்த முதல் படத்துக்கு எத்தனை பேர் நம்பி வந்திருப்பார்கள்? ‘கருடன்’ படத்தை இயக்கியவர் துரை செந்தில்குமார் என்றாலும் அதன் கதையும் வெற்றிமாறனுடையதே. நம் திரையுலகில் இது பழைய வழக்கம்தான். வில்லத்தனமான வேடங்களில் அறியப்பட்ட ரஜினிகாந்தை ‘புவனா ஒரு கேள்விக்குறி’ (1977) படத்தில் நல்லவராகவும், சிவகுமாரைக் கெட்டவராகவும் மாற்றிப் போட எஸ்.பி. முத்துராமன் துணிந்தார், மறு ஆண்டே தயாரிப்பாளர் கலைஞானம் ‘பைரவி’யில் ரஜினியைத் தனி நாயகனாக்கினார். திறமை அதற்கு முன்பும் இருந்தது, துணிந்து பணம் போடத்தான் ஒருவர் வேண்டியிருந்தது. இன்னொன்று, ‘விடுதலை’ இரண்டாம் பாகம் விஜய் சேதுபதி நடித்த பெருமாள் வாத்தியாரின் கதையாகிவிட, குமரேசன் பின்னுக்குப் போய்விட்டான். நாயக இடம் எவ்வளவு தற்காலிகமானது என்பதற்கு அதுவே சான்று.

பதில் 3:
2012இல் வெளியான ‘சுந்தரபாண்டியன்’ படத்தை நினைத்துப் பாருங்கள். சசிகுமார் நாயகன், விஜய் சேதுபதி வில்லன், சூரி வழக்கம்போல் நண்பன். ‘விடுதலை’யில் விஜய் சேதுபதியும் ‘கருடன்’ படத்தில் சசிகுமாரும் சூரி நாயகனாக இருக்க உடன் நடித்தார்கள். (விஜய் சேதுபதி ‘வெண்ணிலா கபடிக் குழு’விலும் ஒரு சிறு வேடத்தில் இருந்தார் என்பது பலருக்கு நினைவிருக்காது.) தங்கள் இடம் குறைந்துவிடும் என்று அவர்கள் கருதியிருந்தால் இந்த மாற்றம் இவ்வளவு இயல்பாக நடந்திருக்காது.

இயக்குநரின் தயவு மட்டுமே காரணம் என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. பி.எஸ். வினோத்ராஜின் ‘கொட்டுக்காளி’ (2024) பின்னணி இசையே இல்லாத படம். அதில் தொண்டையில் சுண்ணாம்பு பூசிக்கொண்டு, கரகரத்த குரலில் பேசும் பாண்டியாக, சொந்த வீட்டுப் பெண்களையே ஆத்திரத்தில் அடித்து நொறுக்கும் ஒருவனாகச் சூரி வருகிறார். பார்ப்பவருக்கு அவன்மீது இரக்கம் வர அந்த வேடம் எளிதில் இடம் தருவதில்லை. நாயகனாகத் தன்னை நிலைநிறுத்திக்கொள்ள வேண்டிய நேரத்தில் அதைத் தேர்ந்தெடுத்தது நடிகரின் சொந்த முடிவு.

கேள்வி கேட்டவர்:
‘கொட்டுக்காளி’யை நான் கணக்கில் எடுக்கவில்லை. அப்படியானால் 2025இல் வந்த ‘மாமன்’ படத்தையும் சேர்த்தே பார்க்க வேண்டும். அதன் கதை சூரியே எழுதியது.