1955இல் கெர்மிட் தவளையா?

நூல்பாவை: "1955இல் ஜிம் ஹென்சன் கெர்மிட் தவளையைச் செய்தார்" என்று, அமெரிக்கப் பொம்மலாட்டக் கலைஞர் ஹென்சனின் புகழ்பெற்ற டிவி பொம்மையைப் பற்றி இங்கே ஒருவர் எழுதியிருக்கிறார். படித்ததும் எரிச்சல் வந்துவிட்டது. அப்போது அது தவளையே இல்லை! அம்மாவின் பழைய கோட்டை வெட்டித் தைத்து, பிங்பாங் பந்தை இரண்டாகப் பிளந்து கண்ணாக வைத்தார். பல்லி மாதிரி ஏதோ ஓர் உயிர், அவ்வளவுதான்.

பச்சைக்குளம்: எழுதியது நான்தான். பிதுங்கின கண், காதுவரை வாய், பச்சை உடம்பு. தவளை இல்லாமல் யானையா?

நூல்பாவை: பாதத்தைப் பாருங்கள் ஐயா. உருண்டையாக இருக்கும், விரலிடைச் சவ்வு கிடையாது. பின்னால் வந்த கெர்மிட்டின் கழுத்தில் இருக்கும் கூர்முனைப் பட்டையும் இல்லை. அம்மாவின் அந்தக் கோட்டுத் துணியும் வெளிறிய நீலப்பச்சை. அசல் பொம்மை 2010இல் அமெரிக்காவின் ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்துக்குப் போய்விட்டது, படம் கிடைக்கும்.

ஒற்றைப்பல்: இரண்டு பேரும் தவளையைப் பிடித்துத் தொங்குகிறீர்கள். 1947லேயே சிகாகோவில் 'குக்லா, பிரான் அண்ட் ஆலி' என்ற டிவி பொம்மலாட்ட நிகழ்ச்சி வந்துவிட்டது. அதன் பொம்மலாட்டக்காரர் பர் டில்ஸ்ட்ராம், எழுதிவைத்த வசனம் இல்லாமலே பொம்மைகளைப் பேசவைப்பார். பிரான் ஆலிசன் மேடைக்கு முன்னால் நின்று அவற்றோடு நிஜமாகவே பேசுவார். ஒற்றைப் பல் டிராகன் ஆலிக்கு ஈடு உண்டா?

நூல்பாவை: அது மேடைக்குப் பின்னால் ஒளிந்து ஆட்டுவது. ஹென்சன் மேடையையே தூக்கிவிட்டு, திரையின் சட்டத்தையே மேடையாக்கினார். ஒரு கை தலைக்குள், இன்னொரு கை பொம்மையின் கையை ஆட்டும் கம்பியில், கண் மானிட்டரில். அப்புறம், போன மாதம் 'ஹௌடி டூடி' என்ற பழைய டிவி பொம்மை கையுறைப் பொம்மை என்று சாதித்தவர்தானே நீங்கள்? அது நூல் பொம்மை. இன்றுவரை ஒப்புக்கொள்ளவில்லை.

ஒற்றைப்பல்: அதை இங்கே எதற்கு இழுக்கிறீர்கள்? நான் சொன்னது வேறு.

நூல்பாவை: வேறு இல்லை. அதேதான் சொன்னீர்கள்.

பச்சைக்குளம்: சரி, 1976 முதல் 1981 வரை வந்த ஹென்சனின் டிவி நிகழ்ச்சி 'மப்பட் ஷோ'வின் 120 பாகங்களிலும் கெர்மிட் தவளைதானே? பிறந்த குழந்தைக்கு மீசை இல்லை என்பதால் ஆண் இல்லை என்பீர்களா?

நூல்பாவை: நான் கேட்பது 1955. நீங்கள் 1976க்கு ஓடுகிறீர்கள். எது என்று பெயர் சொல்ல முடியாத அந்த உருவத்தின் மேல் எனக்குத் தனிப் பாசம். பின்னால் வந்த தவளையை அதன் தலையில் கட்டாதீர்கள். பாதத்தில் சவ்வு இருந்ததா, இல்லையா?

பச்சைக்குளம்: கண் இருந்தது.

நூல்பாவை: சவ்வைக் கேட்டேன்.