படித்த சொல் அடுத்த வரியிலேயே மறந்துவிடுகிறது, என்ன செய்யலாம்?

வணக்கம். என் மகளுக்கு ஆறு வயது. 247 எழுத்துகளும் தெரியும். ஆனால் 'கொக்கு' என்று எழுத்துக் கூட்டிப் படித்தவள், அடுத்த வரியில் அதே சொல்லைப் புதிதாகப் பார்க்கிறாள். 'கொ'வைப் பார்த்ததும் "கெ..." என்று தொடங்கி, பக்கத்தில் கால் வந்ததும் விழிக்கிறாள். கொம்பு முன்னால் நிற்க, அதன் ஒலி பின்னால் வருகிறதே, பாவம் குழந்தை!

சொல்லைப் படம்போல மொத்தமாக மனப்பாடம் செய்ய வைப்பதில் எனக்கு நம்பிக்கை இல்லை. ஒலியையும் எழுத்தையும் பொருத்திப் பலமுறை படித்தால்தான் சொல் மனத்தில் தங்கும். அதனால் சொல்லிக்கொண்டே எழுத வைக்கிறேன். கொஞ்சம் பலன் தெரிகிறது.

சரி, ஒரு நாளைக்கு எத்தனை புதுச் சொற்கள் போதும்? கொம்பு எழுத்துகளை உங்கள் பிள்ளைகளுக்கு எப்படிப் பழக்கினீர்கள்? தெரிந்தவர்கள் சொல்லுங்களேன்.